கர்னலின் கடையும் பைபாஸ் ரோடும்

வாட்ஸப் ஃபார்வர்டில் வருகிற கர்னல் சாண்டர்ஸை நம்ம எல்லாருக்கும் தெரியும். வெள்ளைக் கோட்டு, வெள்ளைக் குறுந்தாடி, கேஎஃப்சி பக்கெட்டில் சிரிக்கும் அந்தத் தாத்தா. 65 வயசு வரை தொட்டதெல்லாம் தோல்வி. கையில் 105 டாலர் பென்ஷன் செக். 1009 ஹோட்டலில் ஏறி இறங்கினார், எல்லாரும் துரத்திவிட்டாங்க, 1010-வது ஆள் சரின்னு சொன்னார், அப்புறம் கோடீஸ்வரர். பிளேஸ்மென்ட் டிரெயினிங்கில் இந்தக் கதையைக் கேட்காமல் யாரும் ஃபைனல் இயர் முடித்திருக்க மாட்டோம்.

இதில் 105 டாலர் உண்மை. 65 வயசும் உண்மை. 1009 என்ற எண்ணுக்கு ஆதாரம் கிடையாது. தொட்டதெல்லாம் தோல்வி என்பது பாதிக்கு மேல் பொய். அந்த மனுஷனின் வாழ்க்கையை வரிசையாகப் பார்த்தால், நாலு வழிச் சாலை ஓரத்தில் இருக்கும் நமக்கு ஃபார்வர்டில் இல்லாத ஒரு விஷயம் கிடைக்கும்.

அடுப்படியில் ஆரம்பம்

ஹார்லண்ட் சாண்டர்ஸ் 1890 செப்டம்பர் 9-ம் தேதி அமெரிக்காவின் இண்டியானா மாநிலத்தில் ஹென்றிவில் என்ற சின்ன ஊர்ப் பக்கம் பிறந்தார். அஞ்சு வயசில் அப்பா இறந்துவிட்டார். அம்மா தக்காளியை டப்பாவில் அடைக்கும் ஆலைக்கு வேலைக்குப் போனார். வீட்டில் தம்பி தங்கச்சிக்குச் சமைக்கிற பொறுப்பு மூத்த பையன் தலையில் விழுந்தது. நம்ம சிவகாசிப் பக்கம் அம்மா தீப்பெட்டி ஆபீசுக்குப் போனால் மூத்த பிள்ளை உலை வைக்குமே, அதே கதைதான்.

படிப்பு ஏழாம் வகுப்போடு நின்றது. காரணம் அல்ஜிப்ரா என்று அவரே பின்னாளில் சொல்லியிருக்கிறார். (எம்1-ல் அரியர் வைத்திருப்பவர்கள் இந்த வரியை அம்மாவிடம் காட்ட வேண்டாம்.) 1906-ல் வயசை ஏற்றிச் சொல்லி ராணுவத்தில் சேர்ந்து, கியூபாவில் கோவேறு கழுதைகளோடு சில மாசம் ஓட்டினார். பிறகு ரயில்வேயில் நீராவி எஞ்சினுக்குக் கரி அள்ளிப் போடும் ஃபயர்மேன். அந்த வேலையில் இருக்கும்போதே அஞ்சல் வழியில் சட்டம் படித்து, லிட்டில் ராக் நகரத்தில் கொஞ்ச நாள் வக்கீலாக இருந்தார். தன் சொந்தக் கட்சிக்காரரோடேயே கோர்ட்டில் கைகலப்பு ஆனதும் அந்தத் தொழிலும் போச்சு. மனுஷனுக்குக் கோபம் மூக்கு மேலே.

அடுத்து இன்சூரன்ஸ் விற்றார். ஒஹையோ ஆற்றில் படகுக் கம்பெனி ஆரம்பித்தார், அது நன்றாகவே ஓடியது. அந்தப் பணத்தை அசிட்டிலின் விளக்குத் தயாரிப்பில் போட்டார். கிராமத்துக்கெல்லாம் மின்சார விளக்கு வந்துகொண்டிருந்த நேரம் அது. பணம் கரைந்தது. டெக்னாலஜி மாறுவதை கவனிக்காமல் போட்ட முதலுக்கு என்ன ஆகும் என்று அவருக்கு முதல் தடவை தெரிந்தது அப்போதுதான்.

பிறகு டயர் விற்பனை, அதன் பிறகு கென்டக்கியில் ஒரு பெட்ரோல் பங்க். 1930-ல் பொருளாதார வீழ்ச்சி அந்தப் பங்கையும் மூட வைத்தது. அப்போது அவருக்கு வயசு 40.

பங்க் ஓரத்தில் ஒரு சாப்பாட்டு மேசை

அதே வருஷம் ஷெல் கம்பெனி கென்டக்கியில் கார்பின் என்ற ஊருக்கு வெளியே ஒரு பங்கை வாடகை இல்லாமல் கொடுத்தது. விற்பனையில் ஒரு பங்கைக் கொடுத்தால் போதும். பங்க் இருந்தது டிக்ஸி ஹைவே என்னும் நெடுஞ்சாலையில். வடக்கே இருந்து ஃபுளோரிடா வரைக்கும் போகிற கார் எல்லாம் அந்த வழிதான்.

பெட்ரோல் போட வந்தவர்கள் பசியோடு வந்தார்கள். சாண்டர்ஸ் தன் வீட்டுச் சாப்பாட்டு மேசையையே இழுத்துப் போட்டுச் சமைத்துப் பரிமாறினார். கோழி வறுவல், பன்றிக்கறி, பிஸ்கட் எனப்படும் அந்த ஊர் ரொட்டி, எல்லாம் வீட்டுச் சமையல். மெனு கார்டு கிடையாது. குடும்பம் சாப்பிடுவதுதான் வாடிக்கையாளருக்கும்.

போட்டி சும்மா விடவில்லை. பக்கத்துப் பங்க்காரர் மேட் ஸ்டூவர்ட், சாண்டர்ஸின் விளம்பரத்தைப் பெயிண்ட் அடித்து அழித்தார். 1931-ல் அது துப்பாக்கிச் சண்டையில் முடிந்தது. சாண்டர்ஸோடு நின்றிருந்த ஷெல் கம்பெனி அதிகாரி ஒருத்தர் செத்துப்போனார். ஸ்டூவர்ட் தோளில் குண்டடி பட்டு, பிறகு ஜெயிலுக்குப் போனார். பக்கெட்டில் சிரிக்கும் தாத்தாவுக்கு இப்படி ஒரு பழைய கதை இருக்கிறது. அடுத்த வருஷம் 1932-ல் அவருடைய ஒரே மகன், 20 வயசுப் பையன், தொண்டைச் சதைத் தொற்றில் இறந்துபோனான்.

கடை மட்டும் வளர்ந்தது. 1935-ல் மாநில கவர்னர் கென்டக்கி கர்னல் என்ற கௌரவப் பட்டம் கொடுத்தார். ராணுவப் பதவிக்கும் அதற்கும் சம்பந்தம் இல்லை, நம்ம ஊர் கலைமாமணி மாதிரி வைத்துக்கொள்ளுங்கள். 1939-ல் டங்கன் ஹைன்ஸ் என்பவர் வெளியிட்ட பிரபலமான உணவக வழிகாட்டியில் கார்பின் கடை இடம்பிடித்தது. அதே வருஷம் கடை எரிந்து சாம்பலானது. மறுபடியும் கட்டினார், 140 பேர் உட்காரும் அளவுக்கு.

ஆக, 50 வயசில் அவர் கையில் ஊர் அறிந்த ஹோட்டல், பக்கத்திலேயே மோட்டல். ஃபார்வர்டு சொல்லும் தோல்வி மன்னன் இந்த இடத்தில் எங்கே இருக்கிறார்?

குக்கருக்குள் எண்ணெய்

கடையில் ஒரு பிரச்சினை இருந்தது. இரும்புச் சட்டியில் கோழி வறுக்க அரை மணி நேரம் ஆகும். வழிப்போக்கன் அவ்வளவு நேரம் காத்திருக்க மாட்டான். முன்கூட்டியே வறுத்து வைத்தால் மிச்சம் வீணாகும். எண்ணெயில் முழுக்கப் போட்டுப் பொரித்தால் சீக்கிரம் வேகும், ஆனால் அந்தச் சுவை அவருக்குப் பிடிக்கவில்லை.

1939-ல் பிரஷர் குக்கர் அமெரிக்கச் சந்தைக்குப் புதுசாக வந்தது. காய்கறி வேக வைக்க வந்த பாத்திரம். சாண்டர்ஸ் அதில் எண்ணெயை ஊற்றிக் கோழியைப் பொரித்துப் பார்த்தார். நம்ம தெர்மோ சப்ஜெக்ட்தான் இது. சாதாரண அழுத்தத்தில் தண்ணீர் 100 டிகிரியில் கொதிக்கும். அழுத்தம் இரண்டு மடங்கானால் கொதிநிலை சுமார் 120 டிகிரிக்கு ஏறும். அதனால் கறியில் உள்ள ஈரம் ஆவியாகி ஓடுவது குறையும், உள்ளே வெப்பமும் கூடும். கறி சீக்கிரம் வேகும், சக்கையாகவும் ஆகாது. அரை மணி நேர வேலை சுமார் பத்து நிமிஷத்துக்கு இறங்கியது. (வீட்டுக் குக்கரில் யாரும் முயற்சி செய்ய வேண்டாம். கொதிக்கும் எண்ணெயும் அழுத்தமும் சேர்ந்தால் அது பட்டாசு ஆலை விபத்து மாதிரிதான். இன்றைக்கு இதற்கென்றே தனி பிரஷர் ஃபிரையர் உண்டு.)

நேரம், வெப்பம், அழுத்தம், எண்ணெய் எல்லாவற்றையும் மாற்றி மாற்றிப் பார்த்துக் குறித்துவைத்தார். 1940-ல் 11 மூலிகை, மசாலாக் கலவையும் முடிவானது. அழுத்தத்தில் கோழி பொரிக்கும் முறைக்கு 1960-களில் அவர் பெயரில் காப்புரிமையும் கிடைத்தது. ஏழாம் வகுப்போடு நின்றவர் செய்தது, நாம் லேப் ரெக்கார்டில் எழுதும் அதே வேலைதான்.

ரோடு விலகிப் போனது

இப்போது நம்ம ரோட்டுக்கு வருவோம். மதுரையில் இருந்து கன்னியாகுமரி போகிற நாலு வழிச் சாலை வந்த பிறகு சாத்தூருக்குள் நுழையாமல் போகும் வண்டிகள் எத்தனை? முன்பெல்லாம் பஸ் நின்றால் ஜன்னல் ஓரம் சேவுப் பொட்டலம் வரும். இப்போது பைபாஸ் பஸ்ஸில் ஏறினால் ஊர்ப் பெயர்ப் பலகை மட்டும்தான் தெரியும். ரோடு பத்து நிமிஷம் மிச்சம் பிடித்துத் தரும். அந்தப் பத்து நிமிஷத்தில்தான் யாரோ ஒருத்தரின் வியாபாரம் இருந்தது.

கார்பினுக்கும் அதேதான் நடந்தது. 1950-களின் நடுவில் புது நெடுஞ்சாலைத் திட்டம் வந்தது. இன்டர்ஸ்டேட் 75 ஊரைத் தொடாமல் சில மைல் தள்ளிப் போகும் என்று தெரிந்துவிட்டது. கொஞ்ச காலம் முன்பு கடையை 1,64,000 டாலருக்குக் கேட்டு வந்த ஆளைத் திருப்பி அனுப்பியிருந்தார் சாண்டர்ஸ். 1956-ல் ஏலத்தில் கிடைத்தது 75,000 டாலர். கடனுக்கும் வரிக்குமே அது சரியாகப் போனது. வயசு 65. மாசம் 105 டாலர் அரசு ஓய்வூதியம். விளக்குக் கம்பெனிக்குப் பிறகு, காலம் மாறியதால் அவர் கண்ட இரண்டாவது சரிவு இது.

ஃபார்வர்டு இங்கிருந்துதான் ஆரம்பிக்கும். ஆனால் நான்கு வருஷம் முன்பே, 1952-ல், யூட்டா மாநிலத்தில் சால்ட் லேக் சிட்டியில் ஹோட்டல் வைத்திருந்த பீட் ஹார்மன் என்ற நண்பருக்கு அந்தச் செய்முறையைச் சொல்லிக் கொடுத்திருந்தார். விற்கும் ஒவ்வொரு கோழிக்கும் 4 சென்ட் என்று பேச்சு. கென்டக்கி ஃபிரைடு சிக்கன் என்ற பெயரை ஹார்மனின் கடைக்கு போர்டு எழுதிய ஆள்தான் யோசித்தார். கென்டக்கியில் யாருக்கும் அந்தப் பெயர் தோன்றவில்லை. தூரத்து ஊரில்தான் அந்த ஊர்ப் பெயருக்கு ருசி.

இதுதான் முக்கியம். கட்டடம் கார்பினில் மாட்டிக்கொண்டது. செய்முறை மாட்டிக்கொள்ளவில்லை, அது ஏற்கனவே ரோடு ஏறியிருந்தது. காரில் குக்கரையும் மசாலாவையும் ஏற்றிக்கொண்டு ஊர் ஊராகப் போனார். ஹோட்டல்காரர் முன்னால் சமைத்துக் காட்டுவார். பிடித்திருந்தால் ஒப்பந்தம். பல ராத்திரி காரிலேயே தூக்கம். மனைவி கிளாடியா வீட்டில் மசாலாவைக் கலந்து பொட்டலம் கட்டி ரயிலில் அனுப்பினார். ஃபார்வர்டில் கிளாடியா பெயரே வராது. அக்கா தங்கச்சி யாராவது வீட்டிலிருந்து மசாலாப் பொடி விற்றுக்கொண்டிருந்தால், இந்த வரியை அவங்களுக்கு அனுப்புங்க. சுற்றுப்பயணத்தில் கூடவே போன மருமகன் முறைப் பையன் லீ கம்மிங்ஸ் பின்னாளில் தன் பெயரிலேயே ஒரு கோழிக் கடைத் தொடரை ஆரம்பித்தார். சில மாநிலங்களில் அது இன்னும் ஓடுகிறது.

1964-க்குள் 600-க்கும் மேல் கடைகள்.

நம்ம ஊர்க் கணக்கு

இதே காலத்தில் சென்னையில் என்ன நடந்தது? ஏ.எம்.புகாரி 1951-ல் மவுண்ட் ரோட்டில் ஹோட்டல் ஆரம்பித்தார். சிக்கன் 65 பிறந்தது 1965-ல் அங்கேதான் என்று பரவலாகச் சொல்லப்படுகிறது. இன்று சூலக்கரைப் பக்கம் தள்ளுவண்டியிலும் சிக்கன் 65 உண்டு, சிங்கப்பூரிலும் உண்டு. ஒரு தட்டுக்கு ஒரு பைசா கூட புகாரி குடும்பத்துக்குப் போகாது. எண்ணெய் பரோட்டாவைத் தமிழ்நாடு முழுக்க விருதுநகர் பரோட்டா என்று போர்டு வைத்து விற்கிறார்கள். விருதுநகருக்கு வருவது பெருமை மட்டும்தான்.

எது நல்லது? தள்ளுவண்டி அண்ணனுக்கு சிக்கன் 65 யாருக்கும் சொந்தமில்லாமல் இருப்பதே சோறு போடுகிறது. கர்னலுக்கு கோழிக்கு 4 சென்ட்தான் இரண்டாவது வாழ்க்கை கொடுத்தது. இரண்டு பக்கமும் நியாயம் இருக்கிறது. கண்டுபிடிக்கும் ஆள் எந்தப் பக்கம் நிற்கிறோம் என்று தெரிந்தே நிற்க வேண்டும், அவ்வளவுதான்.

முகத்தை விற்ற பிறகு

1964-ல் சாண்டர்ஸ் கம்பெனியை 20 லட்சம் டாலருக்கு விற்றார். வாங்கியவர்களில் ஒருத்தரான ஜான் பிரவுனுக்கு அப்போது 30 வயசுதான். கனடா உரிமையை மட்டும் கர்னல் வைத்துக்கொண்டார். மற்றபடி அவர் இனி சம்பளத்துக்கு வெள்ளைக் கோட்டுப் போட்டு விளம்பரத்துக்கு நிற்கும் ஆள். 1971-ல் ஹூபிளைன் என்ற மதுபானக் கம்பெனி அதை 28 கோடி டாலருக்கும் அதிகமாக வாங்கியது.

சுவை மாறியது. கிரேவி மாறியது. கர்னல் கடைகளுக்குள் திடீரென்று நுழைந்து ருசி பார்ப்பார், பிடிக்கவில்லை என்றால் வாய்க்கு வந்தபடி திட்டுவார். பத்திரிகைகளிலும் சொன்னார். மனைவியோடு சேர்ந்து பழைய முறையில் சமைக்கும் புது ஹோட்டல் திறந்தபோது, தன் பெயரையும் முகத்தையும் தானே பயன்படுத்துவதில் சிக்கல் வந்தது. அவர் கம்பெனி மேல் 12.2 கோடி டாலர் கேட்டு வழக்குப் போட, கடைசியில் 10 லட்சம் டாலருக்கு சமரசம் ஆனது. கிளாடியா பெயரில் அந்த ஹோட்டல் நடந்தது.

1980 டிசம்பர் 16-ம் தேதி, 90 வயசில், ரத்தப் புற்றுநோயால் இறந்தார். லூயிவில் நகரத்தில் அதே வெள்ளைக் கோட்டோடு அடக்கம் செய்தார்கள். அப்போது உலகம் முழுக்க சுமார் 6,000 கடைகள். இந்தியாவில் முதல் கேஎஃப்சி பெங்களூரில் திறக்க இன்னும் 15 வருஷம் இருந்தது.

1009 தடவை கதவைத் தட்டு என்பது நல்ல அறிவுரைதான், ஆனால் சாண்டர்ஸ் தட்டும்போது கையில் பதினஞ்சு வருஷம் செய்து பார்த்துத் தேற்றிய ஒரு முறை இருந்தது. ரோடு எந்தப் பக்கம் திரும்பினாலும் கூடவே வந்தது அதுதான். அதையும் விற்ற பிறகு, தன் பெயரையே தன் கடைக்கு வைக்க கோர்ட்டுக்குப் போக வேண்டியிருந்தது.

ஃபைனல் இயர் புராஜெக்ட் பண்றவங்க, ஸ்டார்ட்டப் ஐடியா வச்சிருக்கவங்க, முதல் வேலைக்கு ஆஃபர் லெட்டரில் கையெழுத்துப் போடப் போறவங்க, தயவுசெய்து அதை முழுசாப் படிங்க. நீங்க கண்டுபிடிக்கிறது யாருக்குச் சொந்தம்னு ஒரு பத்தி அதுல இருக்கலாம்.