நீதிமன்றத்தைத் துறந்த வழக்கறிஞர்

தீவினையைத் தானே செய்தலும், பிறரைக் கொண்டு செய்வித்தலும், பிறர் செய்வதற்கு உடன்படுதலும் வினைக்கட்டுக்குக் காரணமாகும் என்பது நம் சமண அறம். கிருதம், காரிதம், அனுமோதனை என இம்மூன்றையும் நம் பெரியோர் எடுத்துரைப்பர். இவற்றுள் உடன்படுதலாகிய குற்றத்தை உணர்ந்து விலகுதல் மிக அரிது. அதனைச் செய்து காட்டியவர், மேச்சேரி அடங்கிய நம் சேலம் மாவட்டம் நன்கறிந்த மூதறிஞர் இராஜாஜி.

அவர் ஓசூரை அடுத்த தொரப்பள்ளியில் 10.12.1878 அன்று பிறந்தார். பெங்களூரில் கல்லூரிக் கல்வியும் சென்னையில் சட்டக் கல்வியும் முடித்து, 1900ஆம் ஆண்டில் சேலத்தில் வழக்கறிஞர் தொழிலைத் தொடங்கினார். கூர்த்த மதியும் சுருங்கச் சொல்லும் ஆற்றலும் புகழையும் பெரும்பொருளையும் ஈட்டித் தந்தன. 1917இல் சேலம் நகராட்சியின் தலைவரானார்.

டாக்டர் வரதராஜுலு நாயுடு மீது ஆங்கில அரசு தொடுத்த இராஜதுரோக வழக்கில், 1918இல் அவருக்காக வாதாடினார். மறு ஆண்டே ரௌலட் சட்டம் வந்தது. முறையான விசாரணை இன்றியே ஒருவரைச் சிறையில் அடைக்க அது வழிவகுத்தது. அவ்வாண்டு ஏப்ரல் 13இல் ஜாலியன்வாலாபாக் படுகொலை நிகழ்ந்தது. அக்கால வழக்கறிஞர் ஒவ்வொருவர் முன்னும் ஒரு வினா எழுந்தது. கட்சிக்காரரைக் காப்பது நற்செயலே. ஆயினும் அம்மன்றத்தில் நாள்தோறும் நின்று வாதாடுவது, அதனை நடத்தும் ஆட்சியின் அநீதிக்கு உடன்படுவதாகாதா?

இராஜாஜி தம் விடையைச் செயலில் காட்டினார். காந்தியடிகளின் ஒத்துழையாமை இயக்கத்தை ஏற்று, வளமாக நடந்த தொழிலைக் கைவிட்டார். 1921 டிசம்பரில் சிறைத்தண்டனை பெற்று, வேலூர்ச் சிறையில் மூன்று திங்கள் இருந்தார். பிறருக்காக வாதாடியவர் தாமே கைதியானார். 1925இல் திருச்செங்கோட்டை அடுத்த புதுப்பாளையத்தில் காந்தி ஆசிரமம் நிறுவிக் கதர்ப்பணியிலும் தீண்டாமை ஒழிப்பிலும் ஈடுபட்டார்.

அக்காலத்தில் அவருடைய விரதத்திற்கு ஒரு சோதனை வந்தது. திருச்சானூர்க் கோயிலுக்குள் பக்தி மேலீட்டால் நுழைந்த தாழ்த்தப்பட்ட வகுப்பினர் ஒருவர் குற்றவாளி எனத் தண்டிக்கப்பட்டார். நீதிமன்றம் செல்வதில்லை என்னும் உறுதியைக் காரணம் காட்டி இராஜாஜி ஒதுங்கியிருக்கலாம். அவர் ஒதுங்கவில்லை. சித்தூர் நீதிமன்றத்தில் அவ்வேழைக்காக வாதாடி விடுதலை பெற்றுத் தந்தார். விரதங்கள் அனைத்தும் அகிம்சையைக் காக்கும் வேலிகளே என்பதை அறிந்த நமக்கு, அவர் செயல் விரதபங்கமாகத் தோன்றாது. எளியவன் துன்புறுகையில் வாளாவிருத்தலும் ஒருவகை உடன்பாடே அன்றோ?

1937இல் சென்னை மாகாணத்தின் முதலமைச்சரானபின், அக்டோபர் 1ஆம் நாள் முதன்முதலாகச் சேலம் மாவட்டத்தில் மதுவிலக்கைக் கொணர்ந்தார். நம் முன்னோர் குடும்பங்கள் பலவற்றுக்கு அதனால் நிம்மதி கிடைத்தது. ஆனால் மறு ஆண்டு இந்தி எதிர்ப்பாளர்களை ஒடுக்க, ஆங்கிலேயரின் அடக்குமுறைச் சட்டத்தையே அவர் அரசு கையாண்டது. அதிகாரம் கைக்கு வந்தபின் விழிப்பு இன்னும் மிகுதியாக வேண்டும் என்பதற்கு அதுவும் ஒரு பாடம்.

நாட்டின் தலைமை ஆளுநராக உயர்ந்து, 25.12.1972 அன்று மறைந்தார். வணிகம், அலுவலகம், ஆசிரியப்பணி என எத்தொழில் புரியினும், நம் உழைப்பு எதற்குத் துணைபோகிறது என இத்திருநாளில் நம்மை நாமே வினவுவோமாக.