பசியை மறக்காத தளபதி



மலருக்கு ஒரு பெரிய மனிதரின் வாழ்க்கையை எழுதிக் கொடு என்று நம்ம செயலாளர் அண்ணன் கேட்டார். எடிசன், விஸ்வேஸ்வரய்யா, கலாம் எல்லோரையும் சீனியர்கள் எழுதி முடித்துவிட்டார்கள். அதனால் நான் ஒரு சீனப் படைத் தளபதியைப் பற்றி எழுதுகிறேன். மெக்கானிக்கல் பையனுக்கும் சீனத் தளபதிக்கும் என்னடா சம்பந்தம் என்று சிரிக்காதீங்க. நம்ம ஃபவுண்டரி ஷாப் வரைக்கும் வருகிற கதை இது.

அவர் பெயர் பெங் தெஹுவாய். 1898-ல் சீனாவின் ஹுனான் மாகாணம், சியாங்டான் மாவட்டத்தில் ஒரு குடியானவர் வீட்டில் பிறந்தார். மாவோவும் அதே மாவட்டத்துக்காரர்தான். இதைக் கொஞ்சம் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

பெங்குக்கு எட்டு வயசு ஆகும்போதே அம்மா போய்விட்டார். அப்பா நோயாளி. கைக்குழந்தையாக இருந்த கடைசித் தம்பி பட்டினியிலேயே செத்துப் போனது. பள்ளிக்கூடம் நின்றது. ஒரு புத்தாண்டு நாளில் வீட்டில் அரிசி இல்லாமல் பாட்டி அவரையும் ஒரு தம்பியையும் பிச்சைக்கு அனுப்பினார். மறுநாள் பெங் போக மாட்டேன் என்று அடம் பிடித்தார். எழுபது வயசு தாண்டிய பாட்டியே சின்னப் பேரன்களைக் கூட்டிக்கொண்டு தடியை ஊன்றிப் போனார். பெங் மலைக்குப் போய் விறகு வெட்டினார். சாயங்காலம் பாட்டி வாங்கி வந்த சோற்றை அவர் தொடவில்லை.

இந்த இடத்தில் நான் புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன். எங்க ஆயா சின்ன வயசில் கஞ்சிக்காகப் பெரிய வீட்டு வாசலில் குண்டானோடு நின்றதை எங்களுக்குச் சொல்லியிருக்கிறார். எங்க அப்பா இன்னும் கூலிக்குத்தான் கதிர் அறுக்கிறார். எங்க வீட்டில் பத்தாம் வகுப்பைத் தாண்டிய முதல் ஆள் நான்தான்.

பெங் மாடு மேய்த்தார். பிறகு நிலக்கரிச் சுரங்கத்தில் ரெண்டு வருஷம் வேலை பார்த்தார். முதலாளி நொடித்துப்போய் ஒரு வருஷக் கூலியை மட்டும் கொடுத்துவிட்டு மறைந்துவிட்டான். 1913-ல் வறட்சி. நெல்லைப் பதுக்கிய ஒருவரின் களஞ்சியத்தை ஊர் மக்கள் திறந்தபோது பெங்கும் கூட நின்றார். போலீஸ் தேட, ஊரைவிட்டு ஓடி ஏரிக்கரை கட்டும் வேலைக்குப் போனார். 1916-ல் சிப்பாய் ஆனார், 1928-ல் கம்யூனிஸ்ட் கட்சியில் சேர்ந்தார். நெடும்பயணம், ஜப்பானோடு யுத்தம், உள்நாட்டு யுத்தம், 1950-ல் கொரியா என்று எல்லாவற்றிலும் முன்னால் நின்றார். 1954-ல் பாதுகாப்பு அமைச்சர், 1955-ல் மார்ஷல். யுத்தக் கதை பிடித்தவர்கள் தனியாகப் படித்துக்கொள்ளுங்கள். எனக்கு 1958-தான் முக்கியம்.

புரட்சி முடிந்ததும் சீனாவில் உழவர்களுக்கு நிலம் பிரித்துக் கொடுத்தார்கள். ஆனால் சில வருஷத்திலேயே அதைக் கூட்டுப்பண்ணை என்று திரும்ப வாங்கிக்கொண்டார்கள். 1958-ல் எல்லாக் கூட்டுப்பண்ணைகளையும் சேர்த்துச் சுமார் 26,000 கம்யூன்கள் ஆக்கினார்கள். நிலம், மாடு, கலப்பை எல்லாமே கம்யூனுக்கு. வீட்டில் அடுப்பு எரியக் கூடாது, எல்லோருக்கும் பொதுச் சமையல்கூடம். முதல் சில மாசம் வயிறு நிறையச் சாப்பிட்டார்கள் என்பதும் உண்மைதான்.

அதே வருஷம் இரும்புப் பைத்தியமும் பிடித்தது. உருக்கு உற்பத்தியை ஒரே வருஷத்தில் இரட்டிப்பாக்கி 1 கோடியே 7 லட்சம் டன் காட்ட வேண்டும் என்று உத்தரவு. கோடிக்கணக்கான மக்கள் வயலை விட்டுவிட்டு மண் உலை கட்டினார்கள். சட்டி, வாணலி, கதவுக் கொண்டி எல்லாம் உலைக்குள் போயின. எரிப்பதற்கு மரத்தை வெட்டினார்கள், சில இடத்தில் வீட்டு உத்திரத்தையே பிடுங்கினார்கள்.

நம்ம ஃபவுண்டரி ஷாப்பில் நின்றவர்களுக்கு இதுக்கு மேல் சொல்ல வேண்டாம். நல்ல கோக் இல்லை, சுண்ணாம்புக்கல் அளவு தெரியாது, வெப்பநிலை கட்டுப்பாடு கிடையாது. கிடைத்தது சல்பர் ஏறிப்போன இரும்புக் கட்டி. சூட்டில் அடித்தால் நொறுங்கும். அந்த வருஷக் கணக்கில் காட்டிய உருக்கில் சுமார் 30 லட்சம் டன் உதவாது என்று அடுத்த வருஷம் அரசாங்கமே ஒப்புக்கொண்டது. உருப்படியாக இருந்த சட்டியை உருக்கி உதவாத கட்டி செய்திருக்கிறார்கள்!

உலைக்கு ஆள் போனதால் நல்ல விளைச்சல் வயலிலேயே அழுகியது. ஆனால் பத்திரிகையில்? குவாங்சி பகுதியில் ஒரு வயலில் ஒரு மூ நிலத்துக்கு 65,000 கிலோ நெல் விளைந்ததாக 1958 செப்டம்பரில் செய்தி போட்டார்கள். ஒரு மூ என்றால் நம்ம கணக்கில் பதினாறு சென்ட் சொச்சம். 75 கிலோ மூட்டையாகப் போட்டால் சுமார் 870 மூட்டை! எங்க அப்பாவிடம் சொன்னேன். ஏக்கருக்கே முப்பது மூட்டை வந்தால் சாமிக்குப் பொங்கல் வைக்கிறோம், நெல்லை நட்டானா இல்ல கொட்டி வச்சானா என்று கேட்டார். கிட்டத்தட்ட சரியாகத்தான் கேட்டிருக்கிறார். பல வயல்களில் விளைந்த பயிரைப் பிடுங்கி ஒரே வயலில் நெருக்கி நட்டுக் காட்டியதுதான் அது.

இந்தப் பொய் எப்படிக் கொன்றது தெரியுமா? நூறு மூட்டை விளைந்த ஊர் முந்நூறு என்று எழுதிக் கொடுக்கிறது. அரசாங்கம் மூன்றில் ஒரு பங்கு கேட்கிறது. நூறு மூட்டையும் போய்விட்டது. ஊருக்கு என்ன மிச்சம்? நாடு முழுக்க 1958-ல் 37.5 கோடி டன் தானியம் என்று முழங்கினார்கள். உண்மையில் சுமார் 20 கோடி. 1959-ல் 40 லட்சம் டன்னுக்கு மேல் வெளிநாட்டுக்கும் ஏற்றுமதி செய்தார்கள். பொதுச் சமையல்கூடத்தில் கஞ்சி நின்றபோது வீட்டில் சமைக்க அரிசியும் இல்லை, சட்டியும் இல்லை.

இங்கே ஒன்றை ஒப்புக்கொள்கிறேன். டென்சைல் டெஸ்ட் ரீடிங்கை நானும் சீனியர் ரெக்கார்டைப் பார்த்துத்தான் எழுதினேன். கிராஃப் அழகாக வந்தது, மார்க்கும் வந்தது. இந்தப் புத்தகத்தைப் படித்த பிறகு ஹார்ட்னஸ் டெஸ்டில் வந்ததை வந்தபடியே எழுதினேன். மார்க் குறைந்தது. வருத்தம் இல்லை என்று சொன்னால் அதுவும் பொய்.

1958 கடைசியில் பெங் சொந்த ஊருக்குப் போனார். வெட்டிய மரங்களையும் அழுகிய பயிரையும் நேரிலே பார்த்தார். சொன்ன விளைச்சலும் கண்ணில் பட்டதும் ஒட்டவில்லை. தானியக் கொள்முதலைக் குறைக்கச் சொல்லி பெய்ஜிங்குக்குத் தந்தி கொடுத்தார்.

1959 ஜூலையில் லூஷானில் கட்சிக் கூட்டம். நம்ம கொடைக்கானல் மாதிரி குளுகுளு மலை ஊர். பெங் நேரில் பேசலாம் என்று மாவோ தங்கிய இடத்துக்குப் போனார், மாவோ தூங்கிக்கொண்டிருந்தார். திரும்பி வந்து ஜூலை 14-ந் தேதி ஒரு கடிதம் எழுதினார். ரொம்ப மரியாதையான கடிதம். முதல் பாதியில் பாராட்டு, அதற்குப் பிறகுதான் மிகைப்படுத்திய கணக்கு, உலைகளில் வீணானது பற்றிய பேச்சு. தனிப்பட்ட கடிதத்தை மாவோ அச்சடித்து எல்லோருக்கும் கொடுத்தார். ஜூலை 23-ல் எழுந்து பேசியபோது, ராணுவம் தன்னைப் பின்பற்றாவிட்டால் கிராமத்துக்குப் போய் வேறு படை திரட்டுவேன் என்கிற வரை போனார். முப்பது வருஷத் தோழர்! ஒரே மாவட்டத்துக்காரர்!

பெங்குக்காகப் பேசிய மிகச் சிலரும் சேர்ந்தே மாட்டினார்கள். மற்றவர்கள் தலையைக் குனிந்துகொண்டார்கள். பெங்கும் கடைசியில் தவறு என்னுடையது என்று எழுதிக் கொடுத்தார். அவரைச் சுத்தத் தங்கம் என்று நான் சொல்ல வரவில்லை. 1958-ல் ராணுவக் கூட்டங்களில் மற்ற தளபதிகளை இதே மாதிரி நிற்க வைத்துக் கேள்வி கேட்டதில் அவருக்கும் பங்கு உண்டு.

பதவி போனது, லின் பியாவ் அமைச்சரானார். பெங் ஒருவருக்கு வந்த தண்டனை பெரிசில்லை. அதற்குப் பிறகு நாடு முழுக்க வலதுசாரி வேட்டை நடந்தது. உண்மைக் கணக்கைச் சொன்ன அதிகாரி எல்லாம் எதிரி. அதனால் நிறுத்த வேண்டிய கொள்முதலை யாரும் நிறுத்தவில்லை. ஹெனான் மாகாணத்தின் சின்யாங் பகுதியில் மட்டும் அந்தக் குளிர்காலத்தில் பத்து லட்சம் பேர் வரை இறந்தார்கள். 1959 முதல் 1961 வரை சீனாவில் பஞ்சத்தில் இறந்தவர்கள் ஒன்றரைக் கோடி முதல் நாலரைக் கோடி வரை என்று ஆய்வாளர்கள் கணக்கிடுகிறார்கள். மூன்று கோடி என்பது பலரும் சொல்லும் எண்ணிக்கை.

பெய்ஜிங் ஓரத்தில் ஒரு பழைய தோட்டத்தில் பெங்கை வைத்திருந்தார்கள். மார்ஷல் சீருடையைத் திருப்பிக் கொடுத்துவிட்டு மண்வெட்டி எடுத்தார். ஒரு சின்னத் துண்டு நிலத்தில் கோதுமை போட்டு, எரு வைத்து, குருவி விரட்டி, அறுத்து எடை போட்டுப் பார்த்தார். எவ்வளவுதான் பாடுபட்டாலும் பத்திரிகைக் கணக்கின் பக்கத்தில்கூட வரவில்லை. தண்டனையில் இருக்கும் மனுஷன், யாரும் கேட்காத கணக்கை எதுக்கு எடை போட வேண்டும்? எனக்கு ரொம்பப் பிடித்த இடம் இதுதான்.

1962-ல் சுமார் 80,000 எழுத்துகளில் ஒரு நீண்ட விண்ணப்பம் எழுதினார். பலிக்கவில்லை. 1965-ல் செங்டுவில் ஒரு சின்னப் பதவி கொடுத்தார்கள். கலாசாரப் புரட்சி வந்ததும் 1966 டிசம்பரில் செங்காவலர்கள் அவரைப் பிடித்து பெய்ஜிங்குக்கு இழுத்து வந்தார்கள். அடித்ததில் விலா எலும்பு முறிந்தது. விசாரணைக்காக எழுதச் சொன்ன வாக்குமூலங்களில்தான் பாட்டியின் பிச்சைச் சோற்றுக் கதையும் வருகிறது.

1974 நவம்பர் 29-ல் புற்றுநோயில் இறந்தார். சாம்பலை ரகசியமாகச் செங்டுவுக்கு அனுப்பினார்கள். பெட்டியின் மேல் இருந்த பெயர் வாங் ச்சுவான், வயது 32. இறந்தவருக்கு வயசு 76.

மாவோ 1976-ல் இறந்தார். 1978 டிசம்பரில் பெங் மேல் இருந்த குற்றச்சாட்டுகளை நீக்கி, அந்தப் பெட்டியைத் தேடி எடுத்து, பெய்ஜிங்கில் அஞ்சலி செலுத்தினார்கள். அதே குளிர்காலத்தில் அன்ஹுயி மாகாணத்தின் சியாவ்காங் என்ற ஊரில் பதினெட்டு உழவர்கள் ராத்திரியில் கூடி, கம்யூன் நிலத்தைத் தங்களுக்குள் வீட்டுக்கு வீடு பிரித்துக்கொண்டு, காகிதத்தில் கைரேகை வைத்தார்கள்.

– மூன்றாமாண்டு, இயந்திரவியல் துறை