சிந்தனைச் சிற்பி சிங்காரவேலர்

கடலோடும் மக்கள் கூடிப் பேசும் இடம் கடற்கரை. அக்கடற்கரையையே தொழிலாளரின் மன்றமாக்கிய பெருமகனார் ம. சிங்காரவேலர். துறைமுகத்துச் சங்கொலி கேட்டு வளர்ந்த காசிமேட்டு மாணவன் நான். அவர் வாழ்வைப் படிக்குந்தோறும் ஒரு வினா என்முன் எழுகிறது. கூடிநின்று உரிமை கேட்பதற்கு எத்துணை விலை கொடுக்க வேண்டியிருக்கிறது?

1860 பிப்ரவரி 18ஆம் நாள் சென்னையில் மீனவர் குடும்பத்தில் தோன்றினார் சிங்காரவேலர். வழக்கறிஞராகிப் பொருளும் புகழும் ஈட்டினார். 1921இல் ஒத்துழையாமை இயக்கத்தில் ஈடுபட்டு அத்தொழிலையே துறந்தார். அதே ஆண்டில் பெரம்பூர்ப் பக்கிங்காம் கர்நாடிக் ஆலை வேலைநிறுத்தத்தின்போது போலீசார் சுட்டனர்; உழைப்பாளர் குருதி வடசென்னை மண்ணை நனைத்தது. அந்நியர் ஆட்சி தந்த விடை அதுதான்!

அவர் அஞ்சினாரா? இல்லை. எட்டு மணி நேர வேலைக்காக 1886இல் சிகாகோவில் போராடியோர் நினைவாக, 1923 மே முதல் நாள் சென்னைக் கடற்கரையில் இரு கூட்டங்கள் நடத்தினார். ஒன்று உயர்நீதிமன்றத்தின் எதிரே, மற்றொன்று திருவல்லிக்கேணியில். இந்தியாவின் முதல் மே தினம் அதுவே. 1925இல் கான்பூர்க் கம்யூனிஸ்டு மாநாட்டுக்குத் தலைமை தாங்கினார். 1927இல் சென்னைப் பர்மா ஆயில் கம்பெனித் தொழிலாளர்க்குத் துணைநின்றார். ஆட்குறைப்பை எதிர்த்துத் தென்னிந்திய இரயில்வே தொழிலாளர் 1928இல் வேலைநிறுத்தம் செய்தபோது கைதானார். 68 வயது முதியவருக்கு 10 ஆண்டுச் சிறை! பின்னர்த் தண்டனை குறைக்கப்பட்டு 1930இல் வெளிவந்தார். 1945இல், தம் 85ஆம் வயதிலும், அச்சகத் தொழிலாளர் மாநாட்டில் பேசினார். 1946 பிப்ரவரி 11ஆம் நாள் மறைந்தார்.

அவர் காணாத குடியரசு 1950இல் மலர்ந்தது. அமைதியாக, ஆயுதமின்றிக் கூடும் உரிமையை அரசியலமைப்பின் 19ஆம் பிரிவு நமக்கு அளித்தது. ஆயினும் 1985இல் மெரினாவிலிருந்து கட்டுமரங்களை அகற்றியதை எதிர்த்த மீனவர்மீது, நம்மவர் ஆட்சியிலேயே, துப்பாக்கிகள் வெடித்தன, உயிர்கள் மாய்ந்தன. சட்டத்தில் எழுதிய உரிமை கடற்கரை மணலிலும் கிட்டினாலன்றோ அது உரிமை?

இன்று இராஜாஜி சாலையில் சென்னை மாவட்ட ஆட்சியர் அலுவலகம் சிங்காரவேலர் மாளிகை என்னும் பெயர் தாங்கி நிற்கிறது. குறைகேட்கும் மாளிகைக்கு அவர் பெயர் மிகப் பொருத்தம். மாணவ நண்பர்களே! கூடுவோர் கல்லெடுக்க வேண்டா. ஆள்வோர் தடியெடுக்குமுன் செவிகொடுக்கட்டும். அதுவே அப்பெருமகனார்க்கு நாம் செய்யும் நன்றிக்கடன் என்பேன்.