யூல் வேர்ண்

யூல் வேர்ண் (பெப்ரவரி 8, 1828 – மார்ச் 24, 1905) பிரான்சு நாட்டைச் சேர்ந்த புதின எழுத்தாளரும் நாடக ஆசிரியரும் ஆவார். இவரது பெயர் தமிழில் ஜூல்ஸ் வெர்ன் எனவும் எழுதப்படுவதுண்டு. எச். ஜி. வெல்சுடன் சேர்த்து அறிவியல் புனைகதை (அறிபுனை) இலக்கியத்தின் முன்னோடிகளுள் ஒருவராக இவர் கருதப்படுகிறார். புவியின் மையத்துக்கு ஒரு பயணம், கடலடியில் இருபதாயிரம் லீகு, எண்பது நாட்களில் உலகத்தைச் சுற்றி ஆகியவை இவரது நன்கறியப்பட்ட புதினங்கள். யுனெசுக்கோவின் மொழிபெயர்ப்புப் பட்டியலின்படி, 1979 முதல் உலகில் மிகுதியாக மொழிபெயர்க்கப்பட்ட எழுத்தாளர்களுள் அகதா கிறிஸ்டிக்கு அடுத்த இடம் இவருக்கு உண்டு. ஆயினும் இவர் பெயரில் உலகம் படித்தவற்றுள் கணிசமான பகுதி இவர் எழுதியவாறே வெளிவந்ததன்று. பதிப்பாளர், மொழிபெயர்ப்பாளர்கள், மகன் என மூன்று தரப்பாரின் கைகள் அவற்றில் பட்டுள்ளன.

இளமை

பிரான்சின் மேற்கே லுவார் ஆற்றங்கரையில் உள்ள துறைமுக நகரான நான்ட்டில் வேர்ண் பிறந்தார். தந்தை பியேர் வேர்ண் வழக்கறிஞர். தாய் சோஃபி. உடன்பிறந்தோர் தம்பி போலும் மூன்று தங்கையரும் ஆவர். போல் பின்னர் கடற்படை அதிகாரியானார்.

பதினோராம் வயதில் வேர்ண் வீட்டுக்குத் தெரியாமல் கப்பலேறியதாகவும், தந்தை அவரைப் பிடித்து வந்தபின் இனிக் கற்பனையில் மட்டுமே பயணம் செய்வதாக வாக்களித்ததாகவும் ஒரு கதை உண்டு. இது 1928-இல் உறவினர் ஒருவர் எழுதிய வாழ்க்கை வரலாற்றின் மூலம் பரவியது. பிற்கால ஆய்வாளர்கள் இதனை ஐயத்துடனேயே நோக்குகின்றனர். எனினும் மாணவர்களுக்கான நூல்களில் இக்கதை உண்மை நிகழ்வாகவே இடம்பெற்று வருகிறது.

1848-இல் சட்டம் பயில வேர்ண் பாரிசு சென்றார். அங்கு அவரது நாட்டம் நாடகத்தின் பக்கம் திரும்பியது. அலெக்சாண்டர் தூமாவின் நட்பால் 1850-இல் இவரது சிறு நகைச்சுவை நாடகம் ஒன்று மேடையேறியது. தந்தையின் தொழிலை ஏற்க மறுத்து, நாடக அரங்கு ஒன்றில் செயலாளராகப் பணியாற்றினார். 1857-இல், இரு பெண் குழந்தைகளுக்குத் தாயான ஒனோரின் என்னும் கைம்பெண்ணை மணந்தார். குடும்பச் செலவுக்காகப் பாரிசுப் பங்குச் சந்தையில் தரகரானார். இவர்களின் ஒரே மகன் மிசேல் 1861-இல் பிறந்தார்.

ஹெட்செலுடன் தொடர்பு

1862-இல் பதிப்பாளர் பியேர்-யூல் ஹெட்செலைச் சந்தித்ததே வேர்ணின் வாழ்வில் பெரிய திருப்பமாகும். பால்சாக், விக்டர் ஹியூகோ ஆகியோரின் நூல்களை வெளியிட்டவர் ஹெட்செல். 1863-இல் அவர் வெளியிட்ட வளிக்கூண்டில் ஐந்து வாரங்கள் என்னும் புதினம் பெருவெற்றி பெற்றது. 1864-இல் ஹெட்செல் தொடங்கிய குடும்ப இதழில் வேர்ணின் கதைகள் தொடராக வந்து, பின்னர் விந்தைப் பயணங்கள் என்ற பொதுத்தலைப்பில் நூல்களாயின. இவ்வரிசையில் ஐம்பதுக்கும் மேற்பட்ட புதினங்கள் உள்ளன.

இளையோரும் படிக்கும் இதழ் என்பதால் ஹெட்செல் கையெழுத்துப்படிகளைக் கடுமையாகத் திருத்தினார். கேப்டன் அட்டெராசு புதினத்தின் முதல் வடிவில் நாயகன் வடமுனையில் உள்ள எரிமலை வாயில் விழுந்து இறக்கிறான். ஹெட்செலின் வற்புறுத்தலால் அச்சுநூலில் அவன் உயிர் பிழைத்து, மனம் பிறழ்ந்தவனாக நாடு திரும்புகிறான்.

கேப்டன் நீமோவின் கதை இன்னும் சுவையானது. கடலடியில் இருபதாயிரம் லீகு (1869–70) புதினத்தின் நாயகனான நீமோவை, 1863-ஆம் ஆண்டுக் கிளர்ச்சியில் உருசியரால் குடும்பத்தை இழந்த போலந்துக்காரனாகப் படைக்க வேர்ண் எண்ணினார். உருசியாவிலும் நூல் விற்க வேண்டியிருந்ததால் ஹெட்செல் இதற்கு இணங்கவில்லை. நெடிய கடிதப் போக்குவரத்துக்குப் பின் நீமோவின் நாடும் பகையும் கூறப்படாமலே விடப்பட்டன. இந்நூலை உலகப்புகழ் பெறச் செய்த மர்மத்தில் ஒரு பகுதி இந்தச் சமரசத்தால் விளைந்ததே. (தலைப்பில் உள்ள லீகு என்பது கப்பல் கடந்த தொலைவைக் குறிக்கிறது. பலர் எண்ணுவது போல ஆழத்தை அன்று.)

இந்தியத் தொடர்பு

1874–75-இல் வெளிவந்த மர்மத்தீவு புதினத்தில் நீமோவின் பின்னணி வெளிப்படுகிறது. அவர் புந்தேல்கண்டைச் சேர்ந்த இளவரசர் தக்கார். திப்பு சுல்தானின் மருமகன் முறையினர். 1857-ஆம் ஆண்டுக் கிளர்ச்சியில் ஆங்கிலேயருக்கு எதிராகப் போரிட்டுக் குடும்பத்தை இழந்தவர். திப்பு 1799-இலேயே மறைந்துவிட்டதால் இந்த உறவுமுறை காலக்கணக்குக்கு எளிதில் பொருந்துவதில்லை. இரு புதினங்களின் ஆண்டுகளும் ஒன்றோடொன்று முரண்படுகின்றன. இருப்பினும், பேரரசுகள் ஓங்கியிருந்த காலத்தில் ஓர் இந்தியக் கிளர்ச்சியாளரை அறிவியல் மேதையாகப் படைத்தது குறிப்பிடத்தக்கது.

எண்பது நாட்களில் உலகத்தைச் சுற்றி (1872) புதினத்தில் ஃபிலியஸ் ஃபாக் பம்பாயிலிருந்து கல்கத்தாவுக்குத் தொடருந்தில் செல்கிறார். இருப்புப்பாதை முடிவுறாத இடத்தில் யானை மீதேறிப் பயணம் செய்து, உடன்கட்டை ஏறவிருந்த அவுதா என்னும் பெண்ணைக் காப்பாற்றுகிறார். அவளும் புந்தேல்கண்டு அரசர் ஒருவரின் மனைவியே. நீராவி வீடு (1880) முழுவதும் இந்தியாவில் நிகழ்வது. நானா சாகிப் அதில் ஒரு பாத்திரம். வேர்ண் இந்தியாவுக்கு வந்ததில்லை. பயண நூல்களையும் இதழ்களையும் படித்துக் குறிப்பெடுத்தே எழுதினார்.

அறிவியலும் கற்பனையும்

வேர்ணை வருங்காலம் உரைத்தவராகப் போற்றுவது வழக்கம். இது பெரிதும் மிகையாகும். அமெரிக்கரான ராபர்ட் ஃபுல்டன் 1800-ஆம் ஆண்டிலேயே நாட்டிலசு என்ற பெயரில் ஒரு நீர்மூழ்கியைக் கட்டியிருந்தார். 1863-இல் பிரெஞ்சுக் கடற்படை புளோஞ்சர் என்னும் நீர்மூழ்கியை வெள்ளோட்டம் விட்டது. வேர்ண் தம் காலத்து அறிவியலை ஊன்றிப் படித்து, அதனை ஓரடி முன்னே நகர்த்தினார்.

புவியிலிருந்து நிலவுக்கு (1865) புதினம் இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. புளோரிடாவிலிருந்து மூவர் புறப்படுவதும், அதன் தொடர்ச்சியான நூலில் அவர்கள் அமைதிப் பெருங்கடலில் விழுந்து மீட்கப்படுவதும் அப்பல்லோ பயணங்களை நினைவூட்டுகின்றன. தேவைப்படும் தொடக்கத் திசைவேகமாக அவர் கொண்ட நொடிக்கு ஏறத்தாழ 11 கிலோமீட்டர் என்பதும் சரியானதே. ஆனால் 900 அடி நீளமுள்ள பீரங்கிக் குழலுக்குள் அவ்வேகத்தை எட்டவேண்டுமெனில், முடுக்கம் புவியீர்ப்பைப் போல 20,000 மடங்கையும் தாண்டும். பயணிகள் குழலைவிட்டு வெளிவரும் முன்பே நசுங்கி இறந்திருப்பர். வெல்சின் நிலவுப் புதினத்தில் வரும் ஈர்ப்பைத் தடுக்கும் பொருளை வேர்ண் குறை கூறியதுண்டு. தாம் இயற்பியலைப் பயன்படுத்துவதாகவும் வெல்சு புதிதாகப் புனைவதாகவும் அவர் வேறுபடுத்திக் காட்டினார். அந்தப் பீரங்கியை நோக்க, இவ்வேறுபாடு அவர் நினைத்த அளவுக்குத் தெளிவானதன்று.

அமியேன் வாழ்க்கை

1871-இல் மனைவியின் ஊரான அமியேனில் வேர்ண் குடியேறினார். 1886 மார்ச் 9 அன்று, மனநலம் குன்றியிருந்த தம்பி மகன் காசுத்தோன் அவரைத் துப்பாக்கியால் சுட்டான். இடக்காலில் பாய்ந்த குண்டினால் அவர் வாழ்நாள் முழுவதும் நொண்டி நடந்தார். அதே மாதத்தில் ஹெட்செலும் இறந்தார். 1888-இல் நகரவை உறுப்பினராகத் தேர்ந்தெடுக்கப்பட்டுப் பதினைந்து ஆண்டுகள் பணியாற்றினார். பிரெஞ்சு அக்காதெமி அவரை உறுப்பினராக்கவே இல்லை. நீரிழிவு நோயால் தாக்குண்டு 1905-இல் அமியேனில் காலமானார்.

அவரது நூல்களில் குறைகளும் உண்டு. 1877-ஆம் ஆண்டுப் புதினமான எக்டோர் செர்வதாக்கில் யூத வணிகர் ஒருவர் இழிவாகச் சித்திரிக்கப்பட்டதைப் பாரிசின் தலைமை யூதகுரு கண்டித்தார். 1896-இல் வந்த கொடியை நோக்கி புதினத்தில் தம்மைப் பித்தனாகக் காட்டியதாக வெடிமருந்து வேதியியலாளர் துர்ப்பேன் வழக்குத் தொடுத்துத் தோற்றார். வேர்ணுக்காக வாதிட்ட ரேமோன் புவன்காரே பின்னாளில் பிரான்சின் குடியரசுத் தலைவரானார்.

மொழிபெயர்ப்புகள்

ஆங்கில உலகில் வேர்ண் சிறுவர் எழுத்தாளர் எனத் தாழ்வாக மதிக்கப்பட்டதற்குத் தொடக்ககால மொழிபெயர்ப்புகள் முதன்மைக் காரணம். நீமோவின் கதையை முதலில் ஆங்கிலமாக்கிய மெர்சியே நூலில் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கை நீக்கிவிட்டார். அறிவியல் விளக்கங்களும் அரசியலும் அதில் அடங்கும். நெபிராசுகாவின் தரிசு நிலப்பகுதியின் பெயர் விரும்பத்தகாத நாடு எனப் பிழைபட்டது. புவியின் மையத்துக்கு ஒரு பயணத்தின் 1871-ஆம் ஆண்டுப் பதிப்பில் பேராசிரியர் லீடன்பிராக்கின் பெயர் ஆர்டுவிக் என்றும் அக்சலின் பெயர் ஆரி என்றும் மாற்றப்பட்டன. இப்படிகளைப் படித்த திறனாய்வாளர்கள் பிழைகளுக்கு வேர்ணையே குற்றஞ்சாட்டினர். 1976-இல் வால்டர் சேம்சு மில்லர் வெளியிட்ட விளக்கவுரைப் பதிப்பு இந்நிலையை வெளிச்சத்துக்குக் கொணர்ந்தது. அதன்பின் வில்லியம் புட்சர் முதலியோர் புதிய மொழிபெயர்ப்புகளை வெளியிட்டனர்.

பிரான்சில் மறுமதிப்பீடு முன்னரே தொடங்கிவிட்டது. 1949-இல் மிசேல் புயூதோர் எழுதிய கட்டுரை இதில் முதன்மையானது. 1957-இல் ரோலான் பார்த், நாட்டிலசு கப்பலை உலகை வெளியே நிறுத்திக் கதவடைத்துக்கொள்ளும் பாதுகாப்பான அறையாகக் கண்டார். 1971-இல் சான் செசுனோ அரசியல் நோக்கிலும், 1974-இல் மிசேல் செர் மெய்யியல் நோக்கிலும் இவரது புதினங்களை ஆராய்ந்தனர்.

மறைவுக்குப் பின்

வேர்ண் இறந்தபின் எட்டு நூல்கள் அவர் பெயரில் வந்தன. இவற்றை மகன் மிசேல் பெருமளவு மாற்றியிருந்தார் என்பதை 1978-இல் இத்தாலிய ஆய்வாளர் பியேரோ கொந்தோலோ தெல்லா ரீவா கையெழுத்துப்படிகளைக் கொண்டு எடுத்துக்காட்டினார். விண்கல் வேட்டையில் வரும் செபிரேன் சிர்தால் என்ற புகழ்பெற்ற பாத்திரமே மகனின் படைப்பு. மூல வடிவங்களை யூல் வேர்ண் கழகம் 1985 முதல் பதிப்பித்தது. மிசேலின் மாற்றங்கள் சில இடங்களில் கதைக்கு வலுவூட்டுகின்றன என்பதையும் கூறவேண்டும்.

நெடுங்காலமாக, வேர்ண் அறிவியலில் நம்பிக்கை கொண்டவராகத் தொடங்கி, 1886-ஆம் ஆண்டுத் துயரங்களுக்குப் பின்னரே அவநம்பிக்கைக்கு வந்தார் எனத் திறனாய்வாளர்கள் எழுதிவந்தனர். 1989-இல் இவரது கொள்ளுப்பேரன் குடும்பத்துக்குச் சொந்தமான பழைய இரும்புப்பெட்டி ஒன்றில் இருபதாம் நூற்றாண்டில் பாரிசு என்னும் புதினத்தின் கையெழுத்துப்படியைக் கண்டெடுத்தார். 1960-ஆம் ஆண்டில் நிகழ்வதாக அமைந்த அக்கதையில், இயந்திரமும் வணிகமும் செழித்த நகரில் இலத்தீன் கவிதைக்குப் பரிசு பெற்ற இளைஞன் ஒருவன் யாருக்கும் வேண்டாதவனாகி, பசியோடு பனியில் அலைந்து வீழ்கிறான். முதல் புதினம் வெற்றி பெற்ற அதே காலத்தில் எழுதப்பட்ட இதனை, யாரும் நம்பமாட்டார்கள் எனக் கருதி ஹெட்செல் மறுத்திருந்தார். நூல் 1994-இல் அச்சேறியது.