ராணிப்பேட்டையில் பிறந்த ஐடா அம்மையார்

நம்ம சத்துவாச்சாரிக்குப் பக்கத்திலேயே இருக்கும் வேலூர் சி.எம்.சி. ஆஸ்பத்திரியைத் தொடங்கிய ஐடா ஸ்கடர், 1870-ல் ராணிப்பேட்டையில் பிறந்தவர். வாலிப வயதில் திண்டிவனத்தில் இருந்தபோது, ஒரே இரவில் மூன்று பேர், பிரசவ வேதனையில் மனைவி துடிக்கிறாள் என்று உதவி கேட்டு வந்தார்கள். அவருடைய அப்பா டாக்டர்தான். ஆனால் ஆம்பளை தொடக்கூடாதாம்! போய்விட்டார்கள். மூன்று பெண்களும் இறந்தார்கள்.

ஐடா அமெரிக்கா போய் டாக்டருக்குப் படித்து 1900-ல் திரும்பினார். 1918-ல் பெண்களுக்கென்றே மருத்துவப் பள்ளி ஆரம்பித்தார். பொம்பளைப் பிள்ளைகள் தேறுவார்களா என்று சந்தேகப்பட்டார்கள். (மெக்கானிக்கலில் சேர்ந்த என்னையும் எங்க தெருவில் அப்படித்தான் கேட்கிறார்கள்.) 1922-ல் முடித்த 14 பேரும் பாஸ். அங்கே ஆண் மாணவர்களைச் சேர்த்தது 1947-ல்தான்!