ஆழம் அளந்தவர்

1914 செப்டம்பர் 22ஆம் நாள் இரவு, எம்டன் என்னும் ஜெர்மானியப் போர்க்கப்பல் சென்னைத் துறைமுகத்தருகே இருந்த எண்ணெய்த் தொட்டிகளின்மீது குண்டு வீசிச் சென்றது. அச்சத்தால் பலர் நகரை விட்டு நீங்கினர். அக்கப்பலின் பெயர் நம் பேச்சுவழக்கிலேயே குடியேறிவிட்டது. யாருக்கும் அஞ்சாத கெட்டிக்காரரை இன்றும் எம்டன் என்கிறோம். பகைவனின் கப்பலை மறவாத நாம், அந்நாளில் மூன்று வயதும் நிரம்பாதிருந்த நம் மண்ணின் மைந்தர் ஒருவரை மறந்தோம். அவரே ராம்தாஸ் கட்டாரி.

நம் முசரவாக்கமும் காஞ்சியும் நெடுங்காலம் அடங்கியிருந்த மாவட்டத்தின் பெயரூரான செங்கல்பட்டில், 1911 அக்டோபர் 8ஆம் நாள் அவர் பிறந்தார். பள்ளிக் கல்வியை ஹைதராபாத் பகுதியில் பெற்றார். 1927இல் பம்பாயில் வணிகக் கப்பல் அதிகாரிகளைப் பயிற்றுவிக்க ‘டஃபரின்’ கப்பல் அமைந்தபோது, அதன் முதல் அணி மாணவருள் ஒருவராகச் சேர்ந்தார். அதுவரை கடற்படையில் இந்தியர் எவரும் அதிகாரியாக இருந்ததில்லை. முதல் இந்தியர் அவ்விடத்தை அடைந்தது 1928இல்தான். ஆகவே போர்க்கப்பலை அவர் வணிகக் கப்பலின் வழியாகவே அடைய வேண்டியிருந்தது.

பயிற்சிக்குப் பின் கல்கத்தாவில் ஹூக்ளி ஆற்றை அளவிடும் பணியில் அமர்ந்தார். ஹூக்ளியின் மணல்திட்டுகள் ஓரிடத்தில் நிலைப்பன அல்ல. நேற்றுக் கப்பல் சென்ற வழியில் இன்று தரைதட்டக்கூடும். எனவே ஆழத்தை ஓயாது அளந்து, வரைபடத்தைத் திருத்திக்கொண்டே இருத்தல் வேண்டும். பெயரும் புகழும் தராத பணி அது. ஆயினும், தெரிந்ததென்று எதையும் நம்பிவிடாத பழக்கத்தைப் பயில அதனினும் சிறந்த பள்ளி அரிது.

1939இல் இரண்டாம் உலகப்போர் மூண்டதும் கடற்படையின் துணைப்பிரிவில் சேர்ந்து, கடற்போரின் இடர்களை நேரில் கண்டார். பின்னர் நிரந்தர அதிகாரியானார். விடுதலைக்குப்பின் ‘ராஜ்புத்’ என்னும் நாசகாரிக் கப்பலுக்குத் தலைமை தாங்கினார்.

தரைப்படை 1949இலும், வான்படை 1954இலும் இந்தியத் தலைமையைப் பெற்றன. கடற்படையோ ஆங்கிலேயர் தலைமையிலேயே தொடர்ந்தது. பெருங்கப்பற்படையை நடத்தும் பட்டறிவு ஓரிரு ஆண்டுகளில் கிட்டுவதன்று. அதிகாரிகளாக இந்தியரை ஏற்கக் காலந்தாழ்த்தியதன் விளைவு அது. 1956இல் கப்பலணியின் தலைமையை ஏற்ற முதல் இந்தியர் கட்டாரி. 1958 ஏப்ரல் 22 அன்று, வைஸ் அட்மிரலாக, கடற்படைத் தளபதிப் பொறுப்பேற்றார். விடுதலை பெற்றுப் பத்தாண்டுகள் கடந்தபின் வாய்த்த நாள் அது.

அவர் காலத்தில், 1961இல், நாட்டின் முதல் விமானந்தாங்கிக் கப்பலான ‘விக்ராந்த்’ படையிற் சேர்ந்தது. அவ்வாண்டு டிசம்பரில் கோவா விடுதலைப் போரில் கடற்படை பங்கேற்றது. அஞ்சதீவை மீட்கையில் கடற்படையினர் எழுவர் உயிர் நீத்தனர். வெற்றியின் விலையையும் சேர்த்தே அத்தளபதி சுமக்க நேர்ந்தது.

1962இல் ஓய்வுபெற்றபின் பர்மாவில் இந்தியத் தூதராகப் பணியாற்றினார். தம் கடல் வாழ்வை ஆங்கிலத்தில் நூலாக எழுதிவைத்து, 1983 ஜனவரியில் மறைந்தார்.

நெசவும் கோயிலும் நம் பாடல்களில் குறைவின்றி உள்ளன. கடலும் உண்டு, ஆனால் அது பெரும்பாலும் கரையில் நின்று கண்ட கடல். அதன் ஆழத்தை அளந்து வாழ்ந்தவர் ஒருவர் நம் பக்கத்தூரில் பிறந்தவர் என்பதை நம் வட்டத்துக் கவிஞர்கள் நெஞ்சில் இருத்துதல் வேண்டும். பத்தாண்டு நிறைவு காணும் இவ்வேளையில் அவர் பெயரை இங்குப் பதிப்பது நாம் தீர்க்கும் ஒரு சிறு கடன்.