பென்னிகுவிக் அணையும் நம் மொட்டை மாடியும்

மேகம் மூடாத நாளில் கிரீன் வேலி வியூவில் நின்றால் கீழே வைகை அணைத் தண்ணீர் தெரியும். அதில் ஒரு பங்கு, மேற்கே ஓடி அரபிக் கடலில் கலந்திருக்க வேண்டிய பெரியாற்றுத் தண்ணீர். அதை மலையைக் குடைந்து இந்தப் பக்கம் திருப்பியவர் கர்னல் ஜான் பென்னிகுவிக். மாடி விரிசல் பற்றி எழுதச் சொல்லிக் கேட்ட உறுப்பினர்களுக்கு இந்த இதழில் அவர் கதையைத்தான் சொல்லப் போகிறோம். அவர் கட்டிய அணையும் பிற்காலத்தில் கசிந்தது. அதைச் சரிசெய்த விதத்தில் நமக்கும் விஷயம் இருக்கிறது.

1841 ஜனவரி 15 அன்று புனேயில் பிறந்தார். அப்பா ராணுவ அதிகாரி. 1849இல் சிலியன்வாலா போரில் அப்பாவும் அண்ணனும் ஒரே நாளில் இறந்தபோது இவருக்கு எட்டு வயதுகூட நிரம்பவில்லை. இங்கிலாந்தில் ராணுவப் பொறியியல் படித்துவிட்டு 1860இல் இந்தியா வந்து, சென்னை மாகாணப் பொதுப்பணித் துறையில் வேலை பார்த்தார்.

திருவிதாங்கூருடன் 1886இல் ஒப்பந்தம் முடிந்தது. 1887இல் வேலை தொடங்கியது. அடர்ந்த காடு, மலேரியா, காலரா. தற்காலிகத் தடுப்புகளை வெள்ளம் அடித்துக்கொண்டு போனது, மீண்டும் கட்டினார்கள். கூலிக்கு வந்தவர்களில் நூற்றுக்கணக்கானோர் அங்கேயே இறந்தார்கள். அவர்கள் பெயரில் பேருந்து நிலையம் எதுவும் இல்லை. 1895 அக்டோபரில் அணை திறக்கப்பட்டது. சொத்தையெல்லாம் விற்று அணையைக் கட்டினார் என்று ஊரில் சொல்லும் கதைக்கு ஆதாரம் கிடையாது. அரசுப் பணத்தில்தான் கட்டினார்கள். அதனால் அவர் பெருமை குறையவில்லை. கம்பம் பள்ளத்தாக்கில் இன்றும் அவர் பிறந்த நாளில் பொங்கல் வைக்கிறார்கள்.

அப்போது இந்தியாவில் சிமென்ட் ஆலை கிடையாது. முன்னும் பின்னும் கருங்கல் கட்டு, நடுவில் சுண்ணாம்பும் சுர்க்கியும் சேர்த்த கான்கிரீட். சுர்க்கி என்பது சுட்ட செங்கல் பொடி. தண்ணீருக்குள்ளும் இறுகும் நல்ல கலவைதான். ஆனால் மலையில் பெய்யும் மழைநீர் உப்பு குறைந்தது. இடுக்கில் புகுந்தால் சுண்ணாம்பைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கரைத்து வெளியே கொண்டுவரும். உங்கள் வீட்டுக் கூரையின் அடியில் விரிசலை ஒட்டி வெள்ளையாகப் பூத்து நிற்கிறதே, அதுவும் இதே கரைந்த சுண்ணாம்புதான். சுரண்டிவிட்டு வெள்ளையடித்தால் அடுத்த மழைக்குத் திரும்ப வரும்.

பென்னிகுவிக் 1911இல் இங்கிலாந்தில் காலமானார். 1930களில் கசிவைத் தடுக்க அணைக்குள் துளையிட்டு சிமென்ட் பாலை அழுத்தி இறக்கினார்கள். தண்ணீர் படும் முகத்திலும் சிமென்ட் பூச்சு அடித்தார்கள். 1979க்குப் பிறகு அணையின் மேலே கான்கிரீட் மூடி, உள்ளே பாறை வரை எஃகு வடங்கள், பின்புறம் முட்டுக்கொடுக்கப் புதிய கான்கிரீட் என்று பெரிய வேலைகள் நடந்தன.

கவனிக்க வேண்டியது, தண்ணீர் நுழையும் பக்கத்தையும் உட்பகுதியையும் அடைத்தார்கள். நாமோ ஒழுகும் பக்கத்தில், அதாவது கீழ்வீட்டுக்காரர் கூரையில், பட்டி பார்க்கிறோம். முதலில் மாடியில் தண்ணீர் தேங்கும் இடத்தையும், மழைநீர்க் குழாய் வாயையும், கைப்பிடிச் சுவர் தளத்தோடு சேரும் மூலையையும் பாருங்கள்.

ஒரு வித்தியாசம் உண்டு. பென்னிகுவிக் கட்டிய சுவரில் கம்பி இல்லை. நம் தளத்தில் உண்டு. கம்பி துருப்பிடித்தால் உப்பி, சுற்றியிருக்கும் கான்கிரீட்டை உடைத்துத் தள்ளும். கம்பி போகும் வழியிலேயே விரிசல் ஓடினாலோ, பழுப்புக் கறை இருந்தாலோ, தட்டினால் பொள்ளல் சத்தம் கேட்டாலோ சிமென்ட் பால் மட்டும் உதவாது. அந்த இடத்தைக் கொத்தி, துருவை நீக்கி, கம்பிக்குப் பூச்சு கொடுத்து, பிறகுதான் அடைக்க வேண்டும். தூண், உத்தரம் என்றால் கட்டடப் பொறியாளர் பார்க்காமல் கொத்தனாரைக் கொத்தவிட வேண்டாம்.

விரிசலின் இரு முனையிலும் பென்சிலால் கோடு போட்டு, தேதி எழுதி வையுங்கள். கோட்டைத் தாண்டி நீண்டிருந்தால் சங்க அலுவலகத்தில் சொல்லுங்கள். பெரியாற்று அணையில் கசியும் நீரை இன்றும் அளந்து குறித்துக்கொண்டுதான் இருக்கிறார்கள்.